துண்டுக்குள் பேரம்

சண்டை ஓய்ந்தபின் கூடிய முதல் மாட்டுச் சந்தை. பால் விற்றுப் பிழைக்கச் சினைப்பசு ஒன்று தேடி வந்திருந்தாள் தவமலர். பசுவின் சொந்தக்காரர் வயிரமுத்தர் தயங்கினார்.

“பொம்பிளையளோட துண்டுக்குள்ள கை பிடிக்கிறேல்ல, பிள்ளை.”

“மாட்டைத்தானே கேக்கிறன், அண்ணை. தாலியே கேட்டனான்?”

சந்தை சிரித்தது. வியாபாரிக்கு வேறு வழியில்லை; துண்டை விரித்தார். மறைவில் பிடிக்கும் ஒவ்வொரு விரலும் பத்தாயிரம். பிடித்தபின் பேச்சு மாறக்கூடாது. ஐம்பதாயிரம் கேட்டு, அவள் கையை முழுதாக அமுக்கினார்.

“முப்பது! எனக்குச் சம்மதம்!” என்று கூவினாள்.

துண்டு விலகியது. அவள் கையில் மூன்றே விரல்கள்.

“மற்ற ரெண்டும் எங்கை?”

“சண்டை எடுத்துப்போட்டுது. அதுக்கும் விலை பேசுவமோ, அண்ணை?”

சந்தை முழுதும் வயிரமுத்தரின் வாயையே பார்த்தது. தவமலரோ பசுவின் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.