அம்மாவின் குரல் எங்கே?

இருபது வருடம் சினிமாவில் ஒலிப்பதிவு செய்த ரெஜினா, இப்போது சென்னையில் ஆசியப் படவிழா நடத்துகிறாள். அன்று மங்கோலியப் படம். தொடங்கியதுமே தியேட்டரின் ஏ.ஐ. டப்பிங் கருவி தானாக எல்லாக் குரல்களையும் தமிழாக்கிவிட்டது. விருந்தினராக வந்திருந்த படத்தின் இயக்குநர் பதறிப்போனார்.

"நடிப்பது என் அம்மா. போன மாதம் இறந்துவிட்டார். அவர் குரல் எங்கே?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

ரெஜினா தியேட்டர் மேலாளரிடம் ஓடினாள். "இதை நிறுத்துங்க சார்! எத்தனை தடவை சொல்றது?"

"இங்கிலீஷ் சப்டைட்டில் புரியலன்னா ஜனங்க எழுந்து போயிடுவாங்க மேடம்."

"போகட்டும்!"

அவளே ஸ்பீக்கர் வயரைப் பிடுங்கி, தன் லேப்டாப்பில் செருகி, அதிலிருந்த அசல் ஒலியைப் படத்தோடு ஓடவிட்டாள்.

பத்து நிமிடத்தில் பாதி அரங்கு காலி. இயக்குநர் அதைக் கவனிக்கவே இல்லை. கண்களை மூடி, அம்மா பேசுவதைக் கேட்டுக்கொண்டிருந்தார்.