ஆறிடுச்சா?

"தோத்துத் தொலையணும்" என்று ஜெயபாலன் சபித்தது எதிரிகளை இல்லை. ஒன்பது வருஷம் தன்னோடு ஜோடி சேர்ந்து ஆடிய யுகேந்திரனை.

பாங்காக்கில் ஆசியப் போட்டி. ஆண்கள் வீல்சேர் டென்னிஸ், இரட்டையர் இறுதி ஆட்டம். மலேசியாவில், ஈப்போவை ஒட்டிய குனோங் ராபாட் வீட்டில் கட்டிலில் குப்புறப் படுத்துக்கொண்டு, தலையணையில் சாய்த்து வைத்த போனில், பல்லைக் கடித்தபடி பார்த்துக்கொண்டிருந்தான்.

யுகேந்திரன் பக்கத்தில் இருக்க வேண்டியது இவன். இருந்தது ஜாஹித். சாப்பாட்டுக் கடை மதார் சாகிப்பின் மகன், இருபத்துநாலு வயசுப் பொடியன்.

நியாயமா இது? பாகான் டத்தோவில் தென்னையிலிருந்து விழுந்து இடுப்புக்குக் கீழே மரத்துப் போனவன் ஜெயபாலன். ஜெலாப்பாங்கில் மோட்டார் சைக்கிளோடு லாரிக்கு அடியில் போனவன் யுகேந்திரன். ஈப்போ ஆஸ்பத்திரியில் பக்கத்துப் பக்கத்துக் கட்டில். அங்கே பிடித்த சிநேகம் இது. அப்போது இந்த ஜாஹித் பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு ஒப்பித்துக்கொண்டிருந்தான்.

வீல்சேர் டென்னிஸில் பந்து தரையில் இரண்டு தடவை பட்டு எழும்பலாம். "அவசரப்படாதே, ரெண்டாவது தடவை எழும்பட்டும், அப்புறம் அடி" என்று ஜோடிக்காரனிடம் விளக்க நேரம் ஏது? "ரெண்டு" என்று ஒரு குரல் கொடுத்தால் போதும். அந்தக் குரலே ஜெயபாலன் கண்டுபிடித்ததுதான். இப்போது யுகேந்திரன் அதை ஜாஹித்துக்குக் கொடுக்கிறான். ஒவ்வொரு தடவையும் ஜெயபாலனுக்கு வயிறு பற்றி எரிந்தது.

ஜாஹித் ஒரு சர்வீஸை வலையில் அடித்தான்.

"அப்படிப் போடு" என்றான் ஜெயபாலன்.

எல்லாம் மூன்று மாதத்துக்கு முந்தைய ஒரு சனிக்கிழமை வந்த வினை. பயிற்சி முடிந்து, ஆட்ட நாற்காலியிலிருந்து வீட்டு நாற்காலிக்கு அப்போதுதான் மாறியிருந்தான். யுகேந்திரன் வேகமாக உருட்டிக்கொண்டு வந்தான். காலியான ஆட்ட நாற்காலியின் மேல் தன் துண்டைத் தூக்கிப் போட்டான்.

"மச்சான், இந்தத் தடவ நான் ஜாஹித்தோட ஆடுறேன்லா."

ஏன் என்று கேட்டதற்கு, உன் ஆட்டம் ஸ்லோ ஆயிடுச்சு என்று மூஞ்சியைப் பார்க்காமலே சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

பஸ்ஸில் துண்டு போட்டு இடம் பிடிப்பார்களே, அந்த மாதிரி. இவன் சீட்டை, இவன் கண்ணெதிரிலேயே, இன்னொருத்தனுக்குப் பிடித்துக் கொடுத்திருக்கிறான் பாவி.

அன்றைக்குப் படுத்தவன்தான் ஜெயபாலன். ஒருத்தர் மூஞ்சியையும் பார்க்கப் பிடிக்காமல் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டான். வீல்சேரைக் கண்டாலே ஆத்திரம் வந்தது. விமலா சாப்பாடு கொண்டுவந்து வைப்பாள், உட்கார்ந்து உட்கார்ந்து பின்புறம் வந்திருந்த புண்ணுக்கு மருந்து போட்டுக் கட்டுவாள், வாயைத் திறக்காமல் போவாள். அந்தப் புண்ணெல்லாம் அவனுக்கு ஒரு விஷயமே இல்லை. வலித்தால்தானே நினைப்பு வரும்? வலித்ததெல்லாம் வேறு இடத்தில்.

கட்டின பெண்டாட்டியாவது இவன் பக்கம் நின்றாளா என்றால் அதுவும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அந்தத் துரோகி அவளுக்குப் போன் போட்டான். அவள் சமையல்கட்டில் நின்று குசுகுசுவென்று பேசுவது கட்டில்வரை கேட்கும்.

"இன்னும் ஆறலண்ணே. கொஞ்சம் கொஞ்சமாத்தான் ஆறும் போல. இப்ப நீங்க இந்தப் பக்கம் வராதீங்க."

ஆறவே ஆறாதுன்னு சொல்லுடி என்று ஜெயபாலன் இங்கிருந்தே கத்துவான். செய்வதையும் செய்துவிட்டு, கோபம் ஆறிடுச்சா என்று வாராவாரம் விசாரிப்பு வேறு.

போனில் கூட்டம் எழுந்து நின்றது. கடைசிப் புள்ளி. பந்து உயரமாக ஜாஹித்தின் தலைக்கு மேல் போனது.

"ரெண்டு" என்றான் யுகேந்திரன்.

கட்டிலில் கிடந்த ஜெயபாலனும், சனியன், தன்னை மறந்து "ரெண்டு" என்று கத்திவிட்டான். ஜாஹித் நாற்காலியைத் திருப்பி, பந்தை இரண்டாவது தடவை எழும்ப விட்டு அடித்தான். ஜெயித்துவிட்டார்கள்.

ஜெயபாலன் போனைக் கவிழ்த்துப் போட்டான். அந்த மெடல் தன் கழுத்தில் தொங்க வேண்டியது. பொறாமையில் அவனுக்கு அழுகையே வந்துவிட்டது.

கால் மணி நேரம்கூட ஆகியிருக்காது. விமலாவின் போன் அடித்தது. பேசிக்கொண்டே அறைக்குள் வந்தாள்.

"பார்த்தோம்ணே, ரொம்ப சந்தோஷம். ஆமா, ஆறிடுச்சுண்ணே. முழுசா ஆறிடுச்சு." சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தாள்.

ஜெயபாலனுக்கு வந்ததே கோபம்.

"யாரைக் கேட்டு ஆறிடுச்சுன்னு சொன்ன? அவன் மேல இருக்கிற கோபம் நான் சாகிறவரைக்கும் ஆறாது."

விமலா போனை நெஞ்சோடு பொத்திக்கொண்டாள்.

"உங்க கோபத்த யாருங்க கேட்டா? அவரு கேட்டது உங்க புண்ண."

ஜெயபாலன் தலையைத் திருப்பிப் பார்த்தான்.

"மூணு மாசம் உட்காரவே கூடாது, குப்புறத்தான் படுக்கணும், இல்லாட்டி உயிருக்கே ஆபத்துன்னு டாக்டர் சொன்னாரு. போட்டிக்குப் போகணும்னு அத எல்லார்கிட்டயும் மறைச்சீங்க. என்கிட்டயும் சத்தியம் வாங்கினீங்க. அன்னைக்கு உங்க சீட்டெல்லாம் ரத்தம். மத்தவங்க பார்த்துடக் கூடாதுன்னுதான் அவரு துண்டப் போட்டு மூடினாரு. அதத் துவைச்சவ நான்."

"என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?" என்றான் ஜெயபாலன்.

"சொன்னா கேக்கிற ஆளா நீங்க? அன்னைக்கு ராத்திரி அவரு போன் போட்டுக் கேட்டப்ப, டாக்டர் சொன்னத நான் சொல்லிட்டேன். 'கெஞ்சினா அவன் ஆட வந்து நிப்பான் தங்கச்சி. கோவிச்சுக்கிட்டாத்தான் குப்புறப் படுத்துக் கிடப்பான். ஆறுறவரைக்கும் நான் துரோகியாவே இருந்துட்டுப் போறேன்'னாரு."