ஒப்புதல் வந்த மறுநாள்

எங்கள் கல்லூரியில் மாணவர்கள் காதுக்கருவியோடுதான் உட்கார வேண்டும். அரசு ஒப்புதல் பெறாத ஆசிரியர் பேசினால், அந்தக் குரலை மட்டும் கருவி அடைத்துவிடும். என் நியமனத்துக்கு ஒப்புதல் கேட்டு வழக்கு நடந்த பதினோரு ஆண்டும் நான் பொருளாதாரத்தை ஊமைப்படமாகவே நடத்தினேன். ஒருவர் பாக்கியில்லாமல் தேறினார்கள். எல்லாம் என் கைவீச்சின் மகிமை என்று நம்பியிருந்தேன்.

நேற்று தீர்ப்பு எனக்குச் சாதகமாக வந்தது. இன்று என் குரல் முதன்முறையாக வகுப்பில் கேட்டது. ஒரு மணி நேரம் மூச்சுவிடாமல் பேசித் தீர்த்தேன்.

முடிந்ததும் முன்வரிசை ஜெபசெல்வி தயங்கி எழுந்தாள்.

"சார், கவர்ன்மென்ட் அப்பீல் போகும்ல?"

"எப்பவும் போறதுதானம்மா. பயப்படாத, அதுலயும் ஜெயிச்சிருவேன்."

"அதுக்குள்ள ஸ்டே வாங்கிருவாங்கள்ல சார்? எங்களுக்கு அடுத்த வாரம் பரீட்சை, உங்க பீரியட்லதான் அமைதியா படிப்போம்."