முப்பது வருட அனுபவம்

மூன்றாவது மாதமாக ஸ்நேகாவின் கணிப்பு மண்ணைக் கவ்வியது. தொண்ணூறு லாரி கம்பி போகும் என்றாள், அறுபதுதான் போனது. கும்மிடிப்பூண்டி கம்பி ஆலையின் மேலாளர் எரிந்து விழுந்தார்.

ஆலை ஆபீஸில் மாதாமாதம் கணிப்பு போடுவது அவள் வேலை; அவளுடையது பேயீசியன் என்ற புள்ளியியல் முறை. அனுபவசாலி ஒருவரின் யூகத்தில் தொடங்கி, வரும் ஆர்டர்களைப் பார்த்து அதைத் திருத்திக்கொண்டே போகும். லோடிங் சூப்பர்வைசர் துளசிராமனுக்கு முப்பது வருட சர்வீஸ். அவர் யூகத்தைக் கண்ணை மூடிக்கொண்டு நம்பியிருந்தாள்.

நேரே அவரிடம் போனாள். "எதை வச்சுண்ணே தொண்ணூறுன்னு சொன்னீங்க?"

"கேன்டீன்ல அரிசி மூட்டை எறங்கறத பாத்துதான் மேடம். டிரைவருங்களுக்கு அங்கதான சாப்பாடு? மூட்டை கூடுனா லாரியும் கூடும்."

தலையில் அடித்துக்கொண்டு கேன்டீனுக்கு ஓடினாள். "அக்கா, எந்தக் கணக்குல இவ்ளோ அரிசி வாங்குறீங்க?"

சமையல்கார சாராள் கரண்டியை வீசாத குறையாகத் திரும்பினாள். "வடிச்ச சோத்த கொட்டிக்கினு நானே பேஜாராகி கீறேன்! இத்தினி லாரி வரும்னு மாசாமாசம் ஆபீஸ்லேர்ந்து பேப்பர் வருது. எந்தப் புண்ணியவான் எழுதறானோ, நீயே பாரும்மா!"

சுவரில் சோற்றுப் பருக்கையால் ஒட்டியிருந்த தாளின் அடியில், ஸ்நேகாவின் கையெழுத்து இருந்தது.