ஏழாவது அர்த்தம்

"மெஷினை நிறுத்தச் சொல்லிட்டுத்தான் மாடி ஏறி வர்றேன். இனிமே உன் புத்தகத்துல ஒரு பக்கம்கூட ஓடக் கூடாது" என்றான் அண்ணன், உட்காரக்கூடச் செய்யாமல்.

தங்கைக்கு அப்போதுதான் உறைத்தது. காலையிலிருந்து கீழே தடதடத்துக்கொண்டிருந்த அச்சு இயந்திரத்தின் சத்தத்தைக் காணோம். எட்டு வருஷம் ஊண் உறக்கம் பார்க்காமல் அவள் தொகுத்த ஆங்கில-தமிழ் அகராதி, பாதி அச்சாகியிருந்தது. இன்று நின்றால் அத்தனையும் பழைய பேப்பர் கடைக்குத்தான்.

கூடப்பிறந்தவன் நாலு வருஷம் கழித்து வாசல் ஏறி வந்திருக்கிறான். அதுவும் வக்கீலைக் கூட்டிக்கொண்டு.

நாற்காலிகள் மேலெல்லாம் தாள்கட்டுகள். ஒன்றைக் காலி பண்ணி அண்ணனுக்குப் போட்டாள். வக்கீலுக்கு, மூலையில் கவிழ்ந்து கிடந்த மரப்பெட்டியை இழுத்துவிட்டாள். அவர் உட்கார்ந்ததும் அது ஒரு பக்கமாக ஆடியது.

"தாங்குமாம்மா இது?"

"பயப்படாம உக்காருங்க சார். ரொம்ப வருஷமா ஆள் தாங்கின பெட்டி."

அண்ணன் பையிலிருந்து தன் அகராதியை எடுத்தான். போன மாதம்தான் தடபுடலாக வெளியிட்டிருந்தான்.

"சார், நேரா விஷயத்துக்கு வரேன். எங்க ரெண்டு பேருக்கும் டைப் அடிச்சது ஒரே ஆள். அவன் மூலமா என் உழைப்பை இவ சுட்டுட்டா. 'போர்டு'ங்கற ஒரே ஒரு வார்த்தையை எடுத்துக்குங்க, போதும்."

"போர்டுன்னா பலகை. வேற என்ன?" என்றார் வக்கீல்.

"அது முதல் அர்த்தம். அந்தப் பலகையை நாலு கால் மேல வெச்சா மேசை. மேசைக்கு வர்ற சாப்பாட்டுக்கும் அதே பேரு. மேசையைச் சுத்தி உக்காந்து பேசற நாலு பெரிய மனுஷங்களும் போர்டுதான். அஞ்சாவது, கப்பலோட பக்கச் சுவர். அது வேற வேர்ல இருந்து வந்ததுன்னு சொல்றவங்க இருக்காங்க, பழைய இங்கிலீஷ்ல ரெண்டும் கலந்துபோச்சு. ஆறாவது, கப்பல்ல ஏறறது."

"சரி சார். ஆனா இந்த ஆறும் எந்த அகராதியிலயும் இருக்குமே? ரெண்டு பேர் எழுதினா ஒத்துப்போகத்தானே செய்யும்? கோர்ட்ல முதல் கேள்வியே அதுவாத்தான் இருக்கும்."

"அங்கதான் ஏழாவது வருது" என்றான் அண்ணன். அவன் முகத்தில் ஒரு வெளிச்சம். "உலகத்துல வேற எந்த அகராதியிலயும் இல்லாதது. என்னுதுல இருக்கு. அப்புறம் இவளோடதுல இருக்கு. எப்படி வந்துதாம்?"

தங்கையின் முகம் வெளிறிவிட்டது. வக்கீல் அதைக் கவனிக்கத் தவறவில்லை.

"அண்ணா, அந்த ஏழாவதை மட்டும் விட்டுடேன்" என்றாள் மெதுவாக. "மத்த எதுல வேணா சண்டை போடு."

"ஏன், சுடுதா?"

"உன் நல்லதுக்குத்தான் சொல்றேன். அது வேண்டாம்."

வக்கீலுக்குச் சுறுசுறுப்பு வந்துவிட்டது. செல்போனை எடுத்து மேசைமேல் வைத்தார். "பேசறதைப் பதிவு பண்ணிக்கறேன். ஆட்சேபணை இல்லையே?"

அவள் அண்ணனைத்தான் பார்த்தாள். அவன் தாராளமாகத் தலையாட்டினான். பிறகு அவளும் ஆட்டினாள்.

"படிங்க சார், அந்த ஏழாவதை" என்றார் வக்கீல்.

அண்ணன் தொண்டையைச் செருமிக்கொண்டான். "'உயரத்தில் உள்ள பண்டத்தை எட்டி எடுக்கச் சிறுவர்கள் கவிழ்த்துப்போட்டு ஏறும், மூலை உடைந்த பெட்டி. கப்பல் சமையலறைப் பேச்சுவழக்கு.'"

"இது உனக்கு எங்க கெடைச்சுதுண்ணா?" என்று கேட்டாள் தங்கை. குரல் நடுங்கியது.

"எங்கயா? துறைமுகம் துறைமுகமா அலைஞ்சேன். கப்பல்ல சமையல் பண்ணின கிழவன் ஒருத்தன், பல்லு மொத்தமும் போனவன், அவன் வாயால கேட்டேன். சின்ன வயசுல அவனே அப்படி ஏறியிருக்கானாம். சொல்லிட்டு ஓன்னு அழுதான். அவன் கண்ணீரை நீ திருடியிருக்கே!"

"நீயே கேட்டியா? உன் காதால?"

"என் காதால. எந்தக் கோர்ட்ல வேணா வந்து சொல்வேன்."

"கடைசியா கெஞ்சிக் கேக்கறேன். டைப் அடிக்கிறவன்கிட்ட பார்த்தேன், தெரியாம எடுத்துட்டேன்னு சொல்லிடு. நானும் இதை இத்தோட விட்டுடறேன்."

"பார்த்தீங்களா சார், திருட்டுக்குத் திருட்டு, என்னையே மாத்திச் சொல்லச் சொல்றா!"

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு அவள் குரலில் நடுக்கம் இல்லை.

"எல்லாம் பதிவாச்சா சார்?"

"ஒரு எழுத்து விடாம."

"அகராதி போடறவங்க நடுவுல ஒரு பழக்கம் உண்டு சார். பார்த்துக் காப்பி அடிக்கறவனைப் பிடிக்கறதுக்காக, உலகத்துலயே இல்லாத அர்த்தம் ஒண்ணை நிஜம் மாதிரி உள்ள ஒளிச்சு வெப்பாங்க. நான் வெச்சது அந்த ஏழாவதை. எந்தக் கப்பல்லயும் அப்படி ஒரு போர்டு கிடையாது. புத்தகம் முடிஞ்சதும் அதை எடுத்துடலாம்னுதான் இருந்தேன், மனசு வரலை."

வக்கீல் அசைந்தார். பெட்டி ஒரு பக்கமாக ஆடியது. அண்ணன் அப்போதுதான் முதல்முறையாக அதைக் குனிந்து பார்த்தான்.

"ஆமாண்ணா, அதேதான்" என்றாள் தங்கை. "சின்ன வயசுல, மேல் தட்டுல இருந்த சர்க்கரை டப்பாவைத் திருட நீ தினமும் ஏறி நின்னு மூலையை உடைச்ச பெட்டி. அது மேலதான் உன் வக்கீல் உக்காந்திருக்கார்."