குற்றப் பதிவு ஏதுமில்லை

கோல்பியின் வலது கட்டைவிரலை வெர்னா பிடித்தாள். பிசுபிசுவென்று ஈரமாக இருந்தது.

"கையைத் தளர்த்தி விடுங்க. நீங்க அழுத்த வேண்டாம், நானே உருட்டிக்கறேன்," என்றாள், வருகிற எல்லோரிடமும் சொல்கிற அதே குரலில்.

"நீங்க சொன்னா சரிதான், அத்தை."

அத்தையாம். இவன் அவள் மகள் மார்லாவை விட்டுத் தொலைந்து ஒன்றரை வருடமாகிறது. விவாகரத்துக் காகிதமும் வந்துவிட்டது.

ஊர்க் காவலைப் பார்க்கிற ஷெரிஃப் அலுவலகத்தின் அந்தக் கவுன்ட்டரில் வெர்னாவுக்குப் பதினாறு வருட சர்வீஸ். சட்டைக்கு அடியில் கைத்துப்பாக்கியை மறைத்து வைத்துக்கொண்டு நடமாட பெர்மிட் கேட்கிறவர்கள், அவளிடம் வந்துதான் விரலை நீட்ட வேண்டும். கோழிப்பண்ணைக்காரர்கள் வருவார்கள், நகமெல்லாம் அழுக்கோடு. சர்ச் பாஸ்டர்கள் வருவார்கள். ஒருமுறை சவக்கிடங்கில் வேலை செய்கிறவர் வந்தார். யார் கையைத் தொடவும் அவள் முகம் சுளித்ததில்லை.

ரேகை பதிக்கும் இயந்திரத்தின் கண்ணாடியில் கட்டைவிரலை உருட்டினாள். சிவப்பு விளக்கு எரிந்தது. வியர்வை. ரேகை சரியாக விழவில்லை.

துணியால் அவன் விரலைத் துடைத்து மறுபடி உருட்டினாள். மறுபடியும் சிவப்பு.

மூன்றாவது தடவைதான் பச்சை எரிந்தது. இன்னும் ஒன்பது விரல் பாக்கி.

அவன் கீழுதட்டுக்குள் புதினா வாசனைப் புகையிலையை ஒதுக்கியிருந்தான். துப்புவதற்கென்று கொண்டுவந்த சோடா பாட்டிலை, அவள் மேஜையில், அவள் தண்ணீர் பாட்டிலை ஒட்டி வைத்திருந்தான். பாதிவரைக்கும் பழுப்பு எச்சில்.

"மார்லா எப்படி இருக்கா? பூட்டெல்லாம் மாத்திட்டா போல," என்றான். "வாசல்ல பெரிய லைட்டு வேற. கரண்ட் பில்லு எகிறுமே."

மார்லா பூட்டு மாற்றியது முந்தாநாள்தான்.

மோதிர விரல். சிவப்பு. துடைத்தாள். உருட்டினாள்.

இந்தக் கைதான் மார்லாவின் தாடையை இரண்டு இடத்தில் உடைத்தது. ஆறு வாரம் அவள் எல்லாவற்றையும் ஸ்ட்ரா வைத்து உறிஞ்சித்தான் குடித்தாள். மாடிப்படியில் விழுந்ததாக ஆஸ்பத்திரியில் எழுதிக்கொண்டார்கள். மார்லா அப்படித்தான் சொல்லியிருந்தாள்.

பத்தாவது விரலும் ஒருவழியாகப் பச்சை காட்டியது.

அவன் நீட்டிய படிவத்தை வாங்கிப் பார்த்தாள். தண்டனை பெற்றதுண்டா? இல்லை. வீட்டாரை அடித்ததாக வழக்கு? இல்லை. நெருங்கக் கூடாதென்று நீதிமன்றத் தடை? இல்லை. கட்டத்தை விட்டு வெளியே வராமல், பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி அழகாக டிக் அடித்திருந்தான். துப்பாக்கி எதற்கு என்று படிவம் கேட்கவில்லை. அதைக் கேட்கிற உரிமை அவளுக்கும் இல்லை.

படிவத்தில் ஒரு பொய்கூட இல்லை.

"வரட்டுமா அத்தை? தபால்லயே வந்துடும்ல?" கண்ணடித்துவிட்டுப் போனான். பாட்டிலை எடுத்துக்கொள்ளவில்லை.

அவன் பெயரைக் கணினியில் போட்டுப் பார்த்தாள். பிறகு நடுப்பெயரையும் சேர்த்துப் போட்டாள். பழைய முகவரியை வைத்தும் தேடினாள். ஒன்றுமே இல்லை. வேகமாக வண்டி ஓட்டியதற்கு ஓர் அபராதம்கூட இல்லை.

படிவத்தை எடுத்துக்கொண்டு கேப்டன் ஹோய்லின் அறைக்குப் போனாள். பெர்மிட்டில் கையெழுத்துப் போடுகிறவர் அவர்தான்.

"கேப்டன், இவனுக்குக் குடுக்கக் கூடாது."

ஹோய்ல் பெயரைப் படித்தார். கண்ணாடியைக் கழற்றி வைத்தார். "இவன் யாருன்னு எனக்குத் தெரியாதா வெர்னா? ஊருக்கே தெரியும். ஆனா தெரியும்னு சொல்லி நிறுத்த முடியாது. எழுத்துல ஏதாவது காட்டு. ஒரே ஒரு பேப்பர் போதும், இதை இங்கயே கிழிச்சுப் போட்டுடறேன்."

"பேப்பர் இல்ல."

"அதான் எனக்குப் புரியல." அவர் குரல் தணிந்தது. "கோர்ட் இதே கட்டடத்துல மேல் மாடியிலதான் இருக்கு. அவ அம்மா நீ கீழயே உக்காந்திருக்க. அந்தப் பொண்ணு ஒரு புகார்கூட ஏன் எழுதிக் குடுக்கல?"

மார்லா பயந்துவிட்டாள் என்று சொல்லலாம். ஒன்றரை வருடமாக வெர்னா எல்லோரிடமும் அப்படித்தான் சொல்லி வந்திருக்கிறாள்.

"அவ எழுதினா," என்றாள் வெர்னா. "நாலு பக்கம். தாடையில கட்டுப் போட்டுக்கிட்டு, அதைக் கையில எடுத்துக்கிட்டுக் காரை நிறுத்துற இடம் வரைக்கும் வந்துட்டா. நான்தான் வழியில மறிச்சுத் திருப்பி அனுப்பிட்டேன்."

"ஏன்?"

"மேல கோர்ட்டுல குடுத்தா, அவன்கிட்ட சேர்க்கச் சொல்லி இங்கதான இறங்கி வரும். நீங்கல்லாம் படிப்பீங்களேன்னு வெக்கமா இருந்துச்சு."

ஹோய்ல் நாற்காலியை அவளிடமிருந்து கொஞ்சம் பின்னுக்கு இழுத்துக்கொண்டார்.

பிறகு கையெழுத்துப் போட்டார்.