கறுப்புத் துணிக்குள் ஒருத்தி

விக்டோரியா காலத்தில் ஊட்டியில் எடுத்த ஒரு வெள்ளைக்காரக் குழந்தையின் புகைப்படத்தைப் பதினோரு ஆண்டுகள் ஆராய்ந்து, பேராசிரியை திலோத்தமை புத்தகம் எழுதினாள். கவுனின் லேஸ், கிலுகிலுப்பை, கறுப்புத் துணி போர்த்திய நாற்காலி என்று எதையும் விடவில்லை. வெளியீட்டு விழாவுக்கு வந்திருந்த குழந்தைகள் வார்டு நர்ஸ் எஸ்தர், அட்டைப்படத்தையே உற்றுப் பார்த்தாள்.

“மேடம், இது நாற்காலி இல்லீங்க. துணிக்குள்ள யாரோ உக்காந்து புள்ளய ஆடாம புடிச்சிருக்காங்க. இடுப்புகிட்ட பாருங்க, விரலு.”

நான்கு விரல்கள். அவற்றைத் துணியின் மடிப்பு என்று திலோத்தமை எழுதியிருந்தாள். மறுநாள் காலையிலேயே பதிப்பாளருக்குப் போன் செய்தாள்.

“அடுத்த பதிப்புல திருத்திடலாம் மேடம். துணிக்குள்ள இருக்கற அந்தம்மா பேரு என்னன்னு போடணும்?”

குழந்தையின் பெயர் அவளுக்குத் தெரியும். அந்த வீட்டு நாயின் பெயர்கூடத் தெரியும். போனைக் காதில் வைத்தபடியே, பதினோரு ஆண்டுக் குறிப்புகளில் துணிக்குள் இருந்தவளின் பெயரைத் தேடத் தொடங்கினாள்.